ரூம் வாடகை கூடினால் டாக்டர் ஃபீஸுக்கு இன்சூரன்ஸ் தருவது ஏன் குறைகிறது?

"கேஷ்லெஸ்னுதானே சொன்னீங்க? இப்ப 52,000 கட்டச் சொல்றீங்களே?"

டிஸ்சார்ஜ் நாளில் எங்கள் இன்சூரன்ஸ் கவுன்ட்டரில் வழக்கமாக விழும் கேள்வி. போன மாதம் கேட்டவர், அப்பாவுக்குப் பித்தப்பைக் கல் ஆபரேஷன் முடித்து அழைத்துப்போக வந்த ஒரு தம்பி. பாலிசி 3 லட்சம். அறை வாடகை வரம்பு அதில் 1%, அதாவது நாளுக்கு 3,000. அப்பா நிம்மதியாகத் தூங்கட்டும் என்று 6,000 ரூபாய் தனி அறை எடுத்திருந்தார். நாலு நாளைக்குக் கூடுதலாக 12,000, போகட்டும் என்று கணக்குப் போட்டிருக்கிறார்.

பில்லின் பின்பக்கத்தில் எழுதிக் காட்டினேன். அறைக்கு 24,000. டாக்டர், மயக்க மருந்து, தியேட்டர், நர்சிங் சேர்த்து 80,000. மருந்து, ஸ்கேன், ரத்தப் பரிசோதனை 36,000. (கையுறை மாதிரி சில்லறைப் பிடித்தங்களை விட்டுவிட்டேன்.) வரம்பைப்போல இரண்டு மடங்கு வாடகையில் தங்கியதால் அந்த 80,000-லும் பாதிதான் கிடைக்கும். விகிதாசாரப் பிடித்தம் என்று பாலிசியில் இருக்கும். 12,000-த்தோடு இந்த 40,000.

"கத்தி ஒண்ணுதானே அண்ணே?"

ஒன்றுதான். ஏசி பெட்டியும் ஸ்லீப்பரும் ஒரே இன்ஜினில்தான் போகின்றன, டிக்கெட் ஒன்றா? பல தனியார் ஆஸ்பத்திரிகளில் அறையின் தரம் ஏற ஏற, அதே டாக்டரின் கட்டணமும் ஏறும். கொடுக்க முடிந்தவரிடம் கூடுதலாக வாங்குவது பழைய வியாபாரக் கணக்கு. நீங்கள் ஏறிய பெட்டிக்கெல்லாம் நான் டிக்கெட் எடுக்க முடியாது என்கிறது இன்சூரன்ஸ் கம்பெனி. எனக்கு இதில் முழு உடன்பாடில்லை, ஆனால் கணக்கு புரிகிறது.

ஒன்றை மட்டும் விட்டுவிடாதீர்கள். மருந்து, உடலில் வைக்கும் கருவிகள், பரிசோதனைகள், ஐசியூ கட்டணம் ஆகியவற்றில் இந்த விகிதாசாரப் பிடித்தம் கூடாது என்பது இன்சூரன்ஸ் கம்பெனிகளைக் கண்காணிக்கும் அரசு ஆணையமான ஐஆர்டிஏஐ-யின் விதி. அறையைப் பொறுத்துக் கட்டணம் மாறாத ஆஸ்பத்திரியிலும் கூடாது. அப்படியும் பிடித்தம் செய்திருந்தால் எழுத்தில் காரணம் கேளுங்கள்.

அட்மிஷன் நடப்பது பெரும்பாலும் ராத்திரியில், வலியோடு. "ஏசி இருக்கா?" என்றுதான் வாயில் வரும். "என் பாலிசிக்கு எந்த ரூம் வரை?" என்று கேட்பவரை மாதத்துக்கு ஒருவர் பார்த்தால் அதிகம்.

அந்தத் தம்பி பில்லை மடித்து வைத்துக்கொண்டு போனை நீட்டினார். "அம்மா பாலிசியையும் ஒரு தடவை பாருங்கண்ணே." திறந்தேன். அதிலும் 1%. புதுப்பிக்க இன்னும் இரண்டு மாதம் இருந்தது.