"நாளையிலிருந்து வர வேண்டாம்" என்று வாயால் சொன்னால் போதுமா?

ஜூன் மாதம் பள்ளி திறந்ததும் என் அலுவலகத்துக்கு ஒரு வேன் ஓட்டுநரோ ஆயாவோ வாட்ச்மேனோ வந்துவிடுவார். லீவு முடிந்து போனால் "வேற ஆள் போட்டாச்சு" என்று சொல்லியிருப்பார்கள். கையில் துண்டுக் காகிதம்கூட இருக்காது.

சில ஆண்டுகளுக்கு முன் வந்த அக்கா ஒருவர், ஒரு தனியார் பள்ளி வேனில் 11 ஆண்டு ஆயாவாக இருந்தவர். "கூப்பிடுவாங்கன்னு நாலு மாசம் காத்திருந்தேன் சார்" என்றார். நடுவில் கலெக்டர் ஆபீஸ் திங்கட்கிழமை மனுவும் கொடுத்திருக்கிறார். தொழிலாளர் துறைப் பக்கம் மட்டும் போகவில்லை. பிறகு சமரசப் பேச்சில் பள்ளி மேனேஜர் சொன்னார்: "நாங்க எங்கே நிறுத்தினோம்? அவங்களாத்தான் வரலை." இந்த வாதத்தை நான் கேட்காத வருடம் இல்லை.

இதை உடைக்க அதே வாரம் ஒரு கடிதம் போதும். இன்ன தேதியில் வேலைக்கு வந்தேன், உள்ளே விடவில்லை, இன்றும் வரத் தயார் என்று எழுதி ஸ்பீடு போஸ்ட்டில் அனுப்பி, ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். அப்புறம் தொழிலாளர் உதவி ஆணையரிடம் (சமரசம்) மனு. அங்கே சமரசம் ஏற்படாவிட்டால் நீங்களே நேராக வழக்குப் போடலாம்.

"பள்ளிக்கூடம் என்ன ஃபேக்டரியா, தொழிலாளர் சட்டம் இங்கே எப்படிப் பொருந்தும்?" என்று கேட்பார்கள். 1963இல் டெல்லி பல்கலைக்கழக பஸ் ஓட்டுநர்கள் வழக்கில் உச்ச நீதிமன்றமே அப்படித்தான் சொன்னது. 1978இல் பெங்களூர் குடிநீர் வாரிய வழக்கில் அது மாறியது. கல்வி நிறுவனமும் 'தொழில்'தான் என்றாகிவிட்டது. 1988இல் ஆசிரியர் 'தொழிலாளி' ஆகமாட்டார் என்று தீர்ப்பு வந்தது. ஓட்டுநருக்கும் ஆயாவுக்கும் அந்தத் தடை இல்லை.

2025 நவம்பர் 21 முதல், பழைய தொழில் தகராறு சட்டத்துக்குப் பதிலாகத் தொழிலுறவுச் சட்டத் தொகுப்பு அமலில் இருக்கிறது. வேலை நீக்கத் தகராறைக் கொண்டுபோக மூன்று ஆண்டாக இருந்த காலக்கெடு இப்போது இரண்டுதான். முழுக்கவோ பெருமளவிலோ தர்ம காரியம் செய்யும் அமைப்புகள் நடத்தும் நிறுவனங்களுக்கு அதில் விலக்கும் உண்டு. பள்ளிகள் பெரும்பாலும் அறக்கட்டளை பெயரில் நடப்பதால், இந்த வாதம் இனி அடிக்கடி வரும் என்பது என் கணிப்பு. பீஸ் ரசீதுகளைப் பார்த்தால் எவ்வளவு தர்மம் என்று தெரிந்துவிடும், அது வேறு கதை.

சரி, அக்காவிடம் ஆதாரம்? சம்பளச் சீட்டு கிடையாது. பிளாஸ்டிக் பையிலிருந்து ஒரு இஎஸ்ஐ கார்டும், ஓரம் மடங்கிய நாற்பது பக்க நோட்டுகள் சிலவும் எடுத்தார். எந்தப் பிள்ளை எந்த ஸ்டாப்பில் இறங்கியது, யார் கூட்டிப்போனார்கள் என்று தேதிவாரியாக எழுதி, மாதக் கடைசியில் வேன் இன்சார்ஜ் கையெழுத்துப் போட்டிருந்தார். அதற்குப் பிறகு மேனேஜர் குரல் இறங்கிவிட்டது.

பணிக்கொடை (கிராஜுவிட்டி) தனிக் கணக்கு. பத்துப் பேருக்குக் குறையாத பள்ளியில் ஐந்து ஆண்டு முடித்தவருக்கு உண்டு. அக்காவின் கடைசி மாதச் சம்பளம் 9,100. அதை 26ஆல் வகுத்து 15ஆல் பெருக்கினால் ஓர் ஆண்டுக்கு 5,250. பதினோரு ஆண்டுக்கு 57,750 ரூபாய். பள்ளி நீட்டிய சமரசத் தாளில் வேறொரு தொகையும், "எல்லாப் பாக்கியும் பெற்றுக்கொண்டேன்" என்ற வரியும் இருந்தன. அக்கா பேனாவை மூடி மேசையில் வைத்துவிட்டு, "இதுல அந்த அம்பத்தேழாயிரம் எங்க சார் இருக்கு?" என்று மேனேஜரைக் கேட்டார். தாளை மாற்றி அடித்து வர மதியமாகிவிட்டது.