பணிமூப்பு வேறு, வயது முதிர்வு வேறு

அரசு ஊழியர்களின் ஓய்வு பற்றிய வழக்குச் செய்தி எதைப் படித்தாலும் 'பணிமூப்பு வயது 60', 'பணிமூப்பு அடைந்து ஓய்வு பெற்றார்' என்றே எழுதுகிறார்கள். வயது வரம்பை எட்டி ஓய்வு பெறுவதைக் குறிக்கும் 'சூப்பர்ஆனுவேஷன்' என்ற ஆங்கிலச் சொல்லுக்கு இது தவறான சொல்.

இலத்தீனில் 'சூப்பர்' என்றால் மேல், 'அன்னஸ்' என்றால் ஆண்டு. ஓராண்டைக் கடந்த கால்நடையைக் குறித்த சொல், பின்னர் வயது வரம்பை எட்டிப் பணியிலிருந்து விலகுவதைக் குறிக்கலாயிற்று. இதில் எண்ணப்படுவது வயது மட்டுமே.

பணிமூப்பில், அதாவது சீனியாரிட்டியில், எண்ணப்படுவது பணி. யார் முன்னவர், யார் பின்னவர், யாருக்கு முதலில் பதவி உயர்வு என்பதையெல்லாம் முடிவு செய்வது பணிமூப்புப் பட்டியல். 21 வயதில் வேலைக்கு வந்தவரும் 35 வயதில் வந்தவரும் தமிழ்நாட்டில் 60 வயதில்தான் ஓய்வு பெறுகிறார்கள். முன்னவருக்கு 39 ஆண்டுப் பணி, பின்னவருக்கு 25. இருவருக்கும் ஒரே வயதில் மூத்துவிட்டது எந்தப் பணி?

வழக்குகளிலும் இரண்டும் வெவ்வேறு தடத்தில் போகின்றன. பணிமூப்பு வழக்கில் தேர்வுத் தரவரிசையையும் பணியில் சேர்ந்த நாளையும் பார்ப்பார்கள். ஓய்வு வயது வழக்கில் பணிப்பதிவேட்டில் உள்ள பிறந்த தேதிதான் எல்லாம். அதைத் திருத்தப் பணியில் சேர்ந்த ஐந்து ஆண்டுகளுக்குள் விண்ணப்பிக்க வேண்டும். ஓய்வு நெருங்கும்போது வந்து கேட்பவர்களை நீதிமன்றங்கள் ஏற்பதில்லை. ஆந்திர அரசு 1983இல் ஓய்வு வயதை 58இலிருந்து 55 ஆகக் குறைத்ததை 1985இல் உச்ச நீதிமன்றம் செல்லும் என்றது. அந்த வழக்கில் யாருடைய பணிமூப்பும் கேள்விக்கு வரவில்லை.

தமிழ்நாட்டில் 2020இல் ஓய்வு வயது 58இலிருந்து 59 ஆனது, 2021இல் 60 ஆனது. மேலே இருப்பவர் கூடுதலாக ஓராண்டு நீடித்தால், பணிமூப்பில் அடுத்து நிற்பவரின் பதவி உயர்வு அந்த அளவுக்குத் தள்ளிப்போகிறது. இந்தச் செய்தியை அவர்கள் நடையில் எழுதினால் 'பணிமூப்பு வயது உயர்ந்ததால் பணிமூப்பு உடையவர்கள் பாதிப்பு' என்று வரும். யாருக்கு என்ன புரியும்?

'மூப்பு என்றால் முதுமைதானே, நரை திரை மூப்பு என்கிறோமே' என்று வாதிடுகிறார்கள். மூப்பில் குறையில்லை, அதன் முன்னே ஒட்டிய 'பணி'தான் பொருளைக் கெடுக்கிறது. சீனியாரிட்டிக்கு 'முதுநிலை' என்று வைத்துக்கொண்டு பணிமூப்பைச் சூப்பர்ஆனுவேஷனுக்கு விட்டுவிடலாம் என்பது இன்னொரு யோசனை. முதுநிலை ஏற்கெனவே பட்டமேற்படிப்புக்குப் போய்விட்டது. அலுவலகங்களில் வேரூன்றிய ஒரு சொல்லைப் பிடுங்கி வேறிடத்தில் நடுவதற்கு எந்தத் தேவையும் இல்லை.

இத்தனைக்கும் புதுச்சொல் படைக்கும் வேலையே இங்கு இல்லை. 'வயது முதிர்வின் காரணமாக ஓய்வு பெற அனுமதிக்கப்படுகிறார்' என்று அரசு ஆணைகள் தெளிவாக எழுதிவருகின்றன. விருப்ப ஓய்வு, கட்டாய ஓய்வு ஆகியவற்றிலிருந்து பிரித்துக் காட்டவேண்டிய இடத்தில் 'வயது முதிர்வு ஓய்வு' என்று எழுதலாம். சாதாரணச் செய்திக்கு 'ஓய்வு வயது' போதும். அகராதியில் முதலில் கண்ணில் படுவதை எடுத்து ஒட்டும் மொழிபெயர்ப்பாளர்கள், ஒரே ஒரு அரசாணையைத் தமிழில் படித்திருந்தால் இந்தக் குழப்பம் வந்திருக்காது.