ஓர் அறிக்கைக்குப் பின்னால் எத்தனை டிஎல்எல்

கடை ஒன்றின் கணக்கு மென்பொருளைப் புதிய கணினியில் நிறுவுகிறார்கள். பில் போட முடிகிறது, சரக்கு இருப்பு சரியாகத் தெரிகிறது. மாத விற்பனை அறிக்கையைக் கேட்டால் மட்டும் ஒரு கோப்பைக் காணவில்லை என்ற செய்தி வந்து நிற்கிறது. மென்பொருளை எழுதியவரின் கணினியில் அதே அறிக்கை குறையின்றி வருகிறது. விஷுவல் பேசிக் என்ற நிரல்மொழியின் காலத்தில் நிரல் எழுதியவர்களில் இந்தச் சிக்கலில் மாட்டாதவர்கள் குறைவு. அறிக்கையைத் தயாரிக்கும் வேலை அந்த மென்பொருளுக்குள் நடப்பதே இல்லை என்பதுதான் இதற்குக் காரணம்.

பல நிரல்களுக்குப் பொதுவாகத் தேவைப்படும் செயற்கூறுகளை, அதாவது குறிப்பிட்ட வேலையைச் செய்யும் சிறு கட்டளைத் தொகுதிகளை, திரட்டி வைத்திருக்கும் கோப்பையே விண்டோஸில் டிஎல்எல் என்கிறோம். அது தானாக இயங்காது. வேறொரு நிரல் அழைத்தால்தான் அதற்கு வேலை. இரண்டு நிரல்கள் ஒரே டிஎல்எல்லைக் கேட்கும்போது, அதன் கட்டளைப் பகுதி நினைவகத்தில் பெரும்பாலும் ஒரே பிரதியாக இருந்து இரண்டுக்கும் பயன்படுகிறது. ஏதேனும் ஒரு நிரல் எழுதி மாற்றும் நினைவகப் பக்கங்கள் மட்டும் தனியே நகலெடுக்கப்படுகின்றன. நினைவகம் சில மெகாபைட்டுகளே இருந்த காலத்தில் இது பெரிய சேமிப்பு.

அறிக்கைகளைத் தயாரித்துத் தரும் கிரிஸ்டல் ரிப்போர்ட்ஸை எடுத்துக்கொள்வோம். கனடாவின் வான்கூவரில் பிறந்த இந்த மென்பொருள், 1993இல் வந்த விஷுவல் பேசிக் 3 உடன் சேர்த்தே வழங்கப்பட்டதால் எண்ணற்ற அலுவலக மென்பொருள்களுக்குள் நுழைந்தது. இன்று அது எஸ்ஏபி நிறுவனத்திடம் இருக்கிறது. நாம் வடிவமைத்துச் சேமிக்கும் ஆர்பிடி கோப்பில் எந்தப் புலம் எங்கே வர வேண்டும், எந்த அட்டவணையிலிருந்து தரவை எடுக்க வேண்டும், கூட்டுத்தொகைக்கு எந்தச் சூத்திரம் என்ற விவரங்கள் இருக்கின்றனவே தவிர, இயங்கும் கட்டளைகள் இல்லை. அந்த விவரங்களைப் படித்துப் பக்கமாக்கும் 'அச்சு இயந்திரம்' (பிரிண்ட் எஞ்சின்) என்ற நிரல் பகுதி, பழைய பதிப்புகளில், சிஆர்பிஇ32 என்ற டிஎல்எல்லில் இருந்தது.

அந்த இயந்திரமும் எல்லா வேலையையும் தானே செய்துவிடுவதில்லை. ஓடிபிசி என்ற பொது இணைப்பு முறை வழியாகத் தரவுத்தளத்தைத் தொட வேண்டுமானால் பி2எஸ்ஓடிபிசி என்ற கோப்பைத் துணைக்கு அழைக்கும். அறிக்கையை எக்செல் கோப்பாக வட்டில் சேமிக்கச் சொன்னால், எக்செல் வடிவத்துக்கு யு2எஃப் என்று தொடங்கும் ஒரு கோப்பு, வட்டில் எழுதுவதற்கு யு2டி என்று தொடங்கும் இன்னொரு கோப்பு. வடிவம் வேறு, சேருமிடம் வேறு என்று பிரித்து வைத்ததால், அதே எக்செல் வடிவத்தை மின்னஞ்சலில் அனுப்ப இரண்டாவது கோப்பை மட்டும் மாற்றினால் போதும். மிக அழகான வடிவமைப்பு இது என்பது என் கருத்து. ஆனால் சிக்கல் பிறப்பதும் இங்கேதான்.

ஒரு நிரல் டிஎல்எல்லோடு இணைவதற்கு இரண்டு வழிகள் உள்ளன. முதல் வழியில், தனக்குத் தேவையான கோப்புகளின் பெயர்களையும் செயற்கூறுகளின் பெயர்களையும் நிரல் தன் இறக்குமதிப் பட்டியலில் எழுதி வைத்திருக்கும். நிரல் தொடங்கும்போதே விண்டோஸ் அவற்றைத் தேடி ஏற்றி, முகவரிகளை நிரப்பிக் கொடுக்கும். ஒன்று குறைந்தாலும் நிரல் திறக்காது. இரண்டாவது வழியில், தேவை வரும் நொடியில்தான் நிரல் 'லோட்லைப்ரரி' என்ற கட்டளையால் கோப்பைப் பெயர் சொல்லிக் கேட்கும். அறிக்கையின் துணைக் கோப்புகள் இந்த இரண்டாவது வகையைச் சேர்ந்தவை. ஆகவே நிறுவும்போது ஒரு கோப்பு விடுபட்டுப் போனாலும், யாராவது அறிக்கைப் பொத்தானை அழுத்தும் வரை அது வெளியே தெரியாது.

பிழைச் செய்தியும் வழிதவறச் செய்யும். விண்டோஸின் 126ஆம் எண் பிழை ஒரு டிஎல்எல்லை ஏற்ற முடியாதபோது வருவது. தேடிப் பார்த்தால் பல நேரங்களில் அந்தக் கோப்பு கண்ணெதிரே இருக்கும். உண்மையில் இல்லாதது, அந்தக் கோப்பு சார்ந்திருக்கும் வேறொரு கோப்பு. 193ஆம் எண் பிழை வந்தால், பெரும்பாலும் 32 பிட் நிரல் 64 பிட் கோப்பை ஏற்ற முயன்றிருக்கிறது, அல்லது அதற்கு எதிர்மாறாக. 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்ற கோப்புறையில் 64 பிட் கோப்புகளும், சிஸ்வாவ்64 என்ற கோப்புறையில் 32 பிட் கோப்புகளும் இருப்பதால், பெயரை நம்பிக் கோப்பை நகலெடுப்பவர் தவறான இடத்தில் வைத்துவிடுகிறார்.

இன்னொரு தொல்லை பதிப்பு மோதல். பழைய நிறுவிகள் பல, அச்சு இயந்திரத்தைப் பொதுவான சிஸ்டம் கோப்புறையிலேயே போட்டன. பிறகு வந்த மென்பொருள் தன் பதிப்பை அதன்மேல் எழுதியதும் முதல் மென்பொருளின் அறிக்கைகள் நின்றுபோயின. நிரலாளர்கள் இதை 'டிஎல்எல் ஹெல்' என்றார்கள். 2001இல் வெளிவந்த விண்டோஸ் எக்ஸ்பி, ஒரே டிஎல்எல்லின் பல பதிப்புகளை அருகருகே வைத்துக்கொள்ளும் ஏற்பாட்டைக் கொண்டுவந்தது.

கோப்பு காணவில்லை என்றதும் டிஎல்எல் பதிவிறக்கத் தளங்களைத் தேடிப் போவதை நான் உறுதியாக எதிர்க்கிறேன். எந்தப் பதிப்பு, யார் கை பட்டது என்று தெரியாத கோப்பு அது. உரிய பதிப்பின் இயக்கநேர (ரன்டைம்) நிறுவியை ஓட்டினால், கோப்புகள் சேர்ந்தே வருவதோடு விண்டோஸின் பதிவேட்டிலும் (ரெஜிஸ்ட்ரி) அவை பதியப்படும். எது குறைகிறது என்று அறிய 'பிராசஸ் மானிட்டர்' என்ற கருவி உண்டு. அதை ஓடவிட்டு, அறிக்கைப் பொத்தானை அழுத்தினால், முதலில் மென்பொருளின் சொந்தக் கோப்புறை, அடுத்து சிஸ்டம் கோப்புறை, பிறகு பிற கோப்புறைகள் என ஒரே பெயரைத் தேடித்தேடி 'இல்லை' என்று திரும்பும் வரிகள் திரையில் அடுக்காக விழும். பிழைச் செய்திக்குச் சற்று முன்பு இப்படிக் கடைசிவரை கிடைக்காமலே போன பெயர்தான் பெரும்பாலும் விடுபட்ட கோப்பு.