முச்சை விளங்கினா பிளேனும் விளங்கும்

பிளேன் என்னண்டு பறக்குது எண்டு பிள்ளையள் கேட்டா நான் முதல்ல எடுக்கிறது பட்டத்தைத்தான். பிளேனில ஏறின பிள்ளையள் எங்கட ஊரில கன பேர் இல்லை, ஆனா பட்டம் ஏத்தாத பிள்ளை ஒண்டைக் காட்டுங்கோ பாப்பம். தைப்பொங்கலண்டு வல்வெட்டித்துறை கடற்கரைக்குப் போனா ஆளை விடப் பெரிய பட்டமெல்லாம் வாடைக்காத்தில ஏறி நிக்கும், அதில கட்டின விண் நாடா காத்தில அதிர்ந்து கூவும், கீழ நாலைஞ்சு பேர் கயிறைப் பிடிச்சபடி மணலுக்குள்ள கால் புதைய இழுபடுவினம். அந்த இழுவையைக் கையால உணர்ந்த பிள்ளைக்கு பிளேனைப் பற்றி பாதி ஏற்கனவே தெரியும்.

எனக்கு முச்சை கட்டப் பழக்கினது மாமா. மேல ரெண்டு நூல், கீழ ஒரு நூல், மூண்டையும் பட்டத்துக்கு முன்னால ஒரு முடிச்சில சேர்க்கவேணும். மேல் நூலைக் கொஞ்சம் கட்டையாக்கினா பட்டம் முன்னுக்குச் சரிஞ்சு காத்தை வெட்டிக்கொண்டு உச்சிக்கு ஏறும், நீட்டிவிட்டா நிமிர்ந்து நிண்டு காத்தை முழுக்க வாங்கி கையைப் பிச்சுக்கொண்டு போகும், ஆனா மேல ஏறாது. ஒரு விரல் அகலம் மாறினாலே போதும், பட்டம் குத்துக்கரணம் அடிக்கும். "நூலைப் பாக்காதையடா, சரிவைப் பார்" எண்டு மாமா கத்துவார். பிளேன் செட்டையிலயும் அந்தச் சரிவுதான் பெரிய விசயம், அதை தாக்குகோணம் எண்டு சொல்லுவினம். செட்டையின்ர முன்விளிம்பு கொஞ்சம் தூக்கலா இருக்கும், அது வாற காத்தைக் கீழ தள்ளிவிடும், காத்து திருப்பி செட்டையை மேல தள்ளும். நியூட்டன் 1687ல எழுதின மூண்டாம் விதி இதுதான்.

காத்துக்கு நிறையே இல்லை, அது என்னண்டு பிளேனைத் தூக்கும் எண்டு கேக்கிற பிள்ளையும் இருக்கு. நல்ல கேள்வி. ஒரு கன மீற்றர் காத்து கிட்டத்தட்ட 1.2 கிலோ நிறை. 8 மீற்றர் நீளம், 6 மீற்றர் அகலம், 3 மீற்றர் உயரம் உள்ள வகுப்பறைக்குள்ள இருக்கிற காத்தை மட்டும் தராசில போட்டா 170 கிலோ வரும், ரெண்டு பெரிய ஆக்களின்ர நிறையை விடக் கூட! அவ்வளவு நிறை உள்ள ஒண்டை வேகமாக் கீழ தள்ளினா அது சும்மா இருக்குமோ.

செட்டையின்ர மேல்பக்கம் வளைஞ்சிருக்கிறதைப் பாத்திருப்பியள். மேலால போற காத்துக்குத் தூரம் கூட, அதால கீழால போறதோட ஒரே நேரத்தில போய்ச் சேர அது ஓடவேணும் எண்டு கன புத்தகங்களில இருக்கு, அது பிழை, பிள்ளையள் அதைப் பாடமாக்கக் கூடாது எண்டது எனக்குப் பெரிய கவலை. ஒரே நேரத்தில சேரவேணும் எண்டு ஒரு கட்டாயமும் இல்லை, உண்மையில மேல போறது முந்திப் போய்ச் சேருது. காத்து அந்த வளைவோட ஒட்டி வளைஞ்சு கீழ இறங்கேக்க மேல்பக்கத்தில அமுக்கம் குறையும், கீழ கூட இருக்கும், அந்த வித்தியாசம்தான் தூக்குது.

எவ்வளவு வித்தியாசம் வேணும் எண்டு ஒருக்கா கணக்குப் பாப்பம். 2019 ஒக்டோபர் 17 பலாலி சர்வதேச விமான நிலையமாத் திறந்த அண்டைக்கு சென்னையில இருந்து வந்து இறங்கினது ஏ.டி.ஆர் 72, ரெண்டு பக்கமும் காத்தாடி சுத்துற பிளேன். ஆக்கள், சாமான், எண்ணெய் எல்லாம் நிரப்பினா ஏறக்குறைய 23 தொன், செட்டையின்ர பரப்பு 61 சதுர மீற்றர். பிரிச்சா ஒரு சதுர மீற்றருக்கு 380 கிலோ அளவில வரும். எங்களைச் சுத்தியிருக்கிற வளி ஒரு சதுர மீற்றரை எப்பவும் அமுக்கிறது கிட்டத்தட்ட 10 தொன். அப்ப மேலுக்கும் கீழுக்கும் நூற்றுக்கு நாலு பங்கு வித்தியாசம் வந்தாலே பிளேன் எழும்பிடும்.

சரி, பட்டத்துக்கு நூல் இருக்கு, பிளேனுக்கு என்ன இருக்கு? காத்து பட்டத்தைப் பின்னுக்குத் தள்ளுது, நூல் விடாமல் பிடிக்குது, அந்த வேலையை பிளேனில எஞ்சின் செய்யுது. காத்தில்லாத நாளில பட்டத்தைப் பிடிச்சுக்கொண்டு ஓடுவியள் எல்லோ, அப்ப நீங்கதான் எஞ்சின். பிளேன் ரன்வேயில ஓடுறதும் அதுக்குத்தான், காத்து வராட்டி நாங்கள் காத்துக்குள்ள போறது. எதிர்க்காத்து இருந்தா இன்னும் நல்லது, கெதியா எழும்பும். பலாலி ரன்வே வடகிழக்கு தென்மேற்காத்தான் கிடக்கு, வாடையும் சோளகமும் வாற பக்கங்கள் அதுதான்.

பட்டத்துக்கும் பிளேனுக்கும் உள்ள சொந்தம் நான் கட்டினதில்லை. இங்கிலாந்தில ஜோர்ஜ் கெய்லி 1804ல ஒரு தடியில பட்டத்தைச் செட்டையாக் கட்டி, பின்னால வாலும் வச்சுத்தான் தன்ர சின்னக் கிளைடரை, எஞ்சின் இல்லாத பிளேனை, பறக்கவிட்டவர். அவுஸ்திரேலியாவில லோரன்ஸ் ஹார்க்ரேவ் 1894ல நாலு பெட்டிப் பட்டத்தைக் கோத்து தானே தொங்கிக்கொண்டு 5 மீற்றர் அளவு மேல போனவர். ஜெர்மனியில ஓட்டோ லிலியந்தால் தான் செய்த கிளைடரில தொங்கிக்கொண்டு குன்றில இருந்து பாய்ஞ்சு ஏறக்குறைய 2000 தரம் மிதந்தவர், 1896ல விழுந்து செத்துப்போனார். அவர் உடம்பைச் சரிச்சுச் சரிச்சுத்தான் திருப்பினவர், திடீரெண்டு ஒரு காத்து அடிச்சா அது காணாது.

அந்த இடத்திலதான் ரைட் சகோதரர் வருகினம். அமெரிக்காவில டேட்டன் நகரத்தில சைக்கிள் கடை வச்சிருந்த அண்ணன் தம்பி. 1899ல ஒரு நாள் வில்பர் சைக்கிள் ரியூப் வாற மட்டைப்பெட்டியைக் கையில வச்சு முறுக்கிப் பாத்தார், ஒரு முனை மேல போக மற்றது கீழ போச்சு. செட்டையையும் இப்பிடி முறுக்கினா ஒரு பக்கம் ஏறும், மற்றப்பக்கம் இறங்கும், பிளேனைச் சரிச்சுத் திருப்பலாம் எண்டு பிடிச்சிட்டார். அதை முதல்ல பரிசோதிச்சது எதில தெரியுமோ, ஒன்றரை மீற்றர் பட்டத்தில! பிறகு உள்ளுக்குள்ள காத்தை ஊதவிடுற ஒரு நீளப் பெட்டி செய்து 200 விதமான சின்னச் செட்டையள் வரை வச்சு அளந்தவை, மற்றவை சொன்ன கணக்கை அப்பிடியே நம்பாமல் தாங்களே அளந்தது எனக்கு இண்டைக்கும் பெரிய மரியாதை. பாரம் குறைஞ்ச எஞ்சின் கடையில கிடைக்கேல்லை, அவையின்ர கடையில வேலை செய்த சார்லி டெய்லர் ஆறு கிழமையில ஒண்டைச் செய்து குடுத்தார்.

1903 டிசம்பர் 17, கிற்றி ஹோக் கடற்கரைப் பக்கம், குளிர்காத்து ஓங்கி அடிக்குது. தம்பி ஓர்வில் கீழ்ச்செட்டையில குப்புறப் படுத்திருக்கிறார், வில்பர் செட்டை நுனியைப் பிடிச்சுக்கொண்டு பக்கத்தில ஓடுறார். 12 செக்கன், 36 மீற்றர். கணக்குப் போட்டா மணிக்கு 11 கிலோமீற்றர்தான் வருது, சைக்கிளில வடிவா முந்தலாம், ஆனா அது நிலத்தைப் பாத்த வேகம், எதிர்க்காத்தே மணிக்கு 40 கிலோமீற்றருக்கு மேல எண்டபடியால் செட்டைக்குக் கிடைச்ச காத்து போதுமா இருந்தது. மத்தியானம் நாலாவது தரம் வில்பர் 59 செக்கன் பறந்து 260 மீற்றர் போனார்.

அதுக்குப் பிறகு எல்லாரும் நிண்டு கதைச்சுக்கொண்டிருக்கேக்க ஒரு காத்து வந்து பிளேனைத் தூக்கிப் புரட்டி உடைச்சுப்போட்டுது. அது பிறகு பறக்கவே இல்லை. கையில பிடிக்காமல் மணலில வச்சிட்டுப் போன பட்டத்துக்கு என்ன நடக்கும் எண்டு வல்வெட்டித்துறைப் பொடியனைக் கேட்டிருந்தாலே சொல்லியிருப்பான்.