பட்டாளத்தை விட்டு வந்த வருஷத்துக்கு ஃபார்ம் 16 இரண்டு

கடலூர், பண்ருட்டி, குறிஞ்சிப்பாடி பக்கம் பட்டாளத்துக்காரர் வீடுகளில் கருப்பு டிரங்குப் பெட்டி ஒன்று இருக்கும். மூடியில் வெள்ளைப் பெயின்டில் நம்பர், ரேங்க், பெயர். டிஸ்சார்ஜ் புக், பி.பி.ஓ. என்கிற பென்ஷன் உத்தரவு, மெடல் எல்லாம் அதற்குள் பத்திரமாக இருக்கும். என் சித்தப்பாவின் பெட்டியிலும் எல்லாம் இருந்தது, கடைசி வருஷச் சம்பளத்துக்கான ஃபார்ம் 16 மட்டும் இல்லை. அந்த வருஷம் அவர் சம்பளத்தில் பிடித்த வரியில் பெரும்பகுதி திரும்பி வந்திருக்க வேண்டிய பணம். கணக்குத் தாக்கல் செய்யும் கெடு முடிந்த பிறகுதான் எங்களுக்கே விஷயம் தெரிந்தது. பணம் வரவில்லை. இன்னொரு வீட்டில் அப்படி ஆகக்கூடாது.

ஃபார்ம் 16 என்பது, இந்த வருஷம் உங்களுக்கு இவ்வளவு சம்பளம் கொடுத்தோம், இவ்வளவு வரி பிடித்து அரசுக்குக் கட்டினோம் என்று சம்பளம் கொடுத்தவர் தரும் சான்று. ஏப்ரல் முதல் மார்ச் வரைக்கான சான்றை அடுத்த ஜூன் 15-க்குள் கொடுத்தாக வேண்டும். சிக்கல் இந்தத் தேதியில்தான் இருக்கிறது. செப்டம்பரில் டிஸ்சார்ஜ் ஆனவருக்கு, அந்தக் காகிதம் தயாராவது ஒன்பது மாதம் கழித்து. அதற்குள் அவர் ஊருக்கு வந்து, பழைய சிம்மை மாற்றி, யூனிட்டோடு தொடர்பு விட்டுப்போயிருக்கும்.

வந்த வருஷத்தில் உங்களுக்குப் பணம் கொடுத்தவர்கள் இரண்டு பேர் என்பதை மனதில் வையுங்கள். டிஸ்சார்ஜ் நாள் வரை சம்பளக் கணக்கு அலுவலகம். மறுநாளிலிருந்து பென்ஷன் கொடுக்கும் அலுவலகம். வருமான வரிக் கணக்கில் பென்ஷனும் சம்பளம்தான். ஆகவே ஃபார்ம் 16-ம் இரண்டு.

முதலாவதை யாரிடம் கேட்பது? ராணுவத்தில் ஜவான்களுக்கும் ஜே.சி.ஓ.க்களுக்கும் (சுபேதார் போன்ற இளநிலை அதிகாரிகள்) அந்தந்த ரெஜிமெண்டின் பி.ஏ.ஓ., அதாவது சம்பளக் கணக்கு அலுவலகம்; பெரும்பாலும் ரெஜிமெண்டல் சென்டர் இருக்கும் ஊரிலேயே இருக்கும். மெட்ராஸ் ரெஜிமெண்டுக்கு வெலிங்டன், மெட்ராஸ் சாப்பர்ஸுக்குப் பெங்களூரு, ஆர்ட்டிலரிக்கு நாசிக், சிக்னல்ஸுக்கு ஜபல்பூர், ஈ.எம்.ஈ.க்குச் செகந்திராபாத். ராணுவ அதிகாரிகளுக்குப் புனே. விமானப்படைக்கு டெல்லியிலும் கடற்படைக்கு மும்பையிலும் மையச் சம்பள அலுவலகம். ஆர்மி நம்பர், ரேங்க், பெயர், பான், டிஸ்சார்ஜ் தேதி, எந்த நிதியாண்டு, இப்போதைய முகவரி, மின்னஞ்சல், இவ்வளவும் எழுதி, டிஸ்சார்ஜ் புக்கின் முதல் பக்கத்தையும் பான் அட்டையையும் நகலெடுத்து இணைத்துப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். ரசீதைத் தூக்கிப் போடாதீர்கள்.

இன்னும் பணியில் இருப்பவர் இதைப் படித்தால் ஒரு வேண்டுகோள். சம்பளச் சீட்டு பார்க்கும் ராணுவத்தின் ஹம்ராஸ் செயலி பணியில் இருப்பவர்களுக்கானது. வீட்டுக்கு வந்த பிறகு அது திறக்கும் என்று இருந்துவிடாதீர்கள். ஏப்ரலிலிருந்து கடைசி மாதம் வரையிலான சம்பளச் சீட்டுகளையும் முந்தைய வருஷங்களின் ஃபார்ம் 16-ஐயும் கையோடு இறக்கி, உங்கள் மின்னஞ்சலுக்கே ஒரு பிரதி அனுப்பி வையுங்கள். கடைசிக் கணக்குத் தீர்க்கும்போது தரும் ஸ்டேட்மென்டையும் விடாமல் வாங்குங்கள்.

இரண்டாவது ஃபார்ம் 16 சுலபம். பிரயாக்ராஜிலிருந்து நடக்கும் ஸ்பர்ஷ் என்கிற படைவீரர் பென்ஷன் இணையதளத்தில் நுழைந்தால் நீங்களே இறக்கிக்கொள்ளலாம். அதில் பான் எண்ணும் கைபேசி எண்ணும் சரியாக ஏறியிருக்கிறதா என்று மட்டும் முதலில் பாருங்கள். வங்கிதான் தரும் என்று கிளைக்கு நடக்கிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். ஸ்பர்ஷுக்கு மாறியவர்களுக்கு அங்கே அந்தச் சான்று கிடைக்காது.

இப்போது கணக்கு. இரண்டு அலுவலகமும் தனித்தனியாகப் பார்ப்பதால் இரண்டுமே நிலைக்கழிவை (ஸ்டாண்டர்ட் டிடக்‌ஷன்) கழித்துவிடும், இரண்டுமே வரிவிலக்கு வரம்பைக் கொடுத்துவிடும். உங்களுக்கு உரியது ஒரு தடவைதான். 2025-26-இல் ஒருவருக்குச் சம்பளம் 9 லட்சம், பென்ஷன் 4 லட்சம் என்று வைத்துக்கொள்வோம். புதிய வரி முறையில் இரண்டும் தனித்தனியே 12 லட்சத்துக்குள் இருப்பதால் எங்கேயும் பிடித்தம் இருக்காது. கூட்டினால் 13 லட்சம். நிலைக்கழிவு 75,000 போக 12.25 லட்சம். வரம்புக்கு மேல் 25,000 போய்விட்டதால் வரி 25,000, செஸ் 1,000, ஆக 26,000 ரூபாய். முன்கூட்டியே கட்டாவிட்டால் வட்டியும் சேரும். வந்த கையோடு வங்கியிலோ டெக்ஸ்கோ (தமிழ்நாடு முன்னாள் படைவீரர் கழகம்) மூலமோ வேலைக்குச் சேர்ந்திருந்தால் மூன்றாவது ஃபார்ம் 16-ம் இந்தக் கூட்டலில் வரும்.

ஜவான்கள் பலருக்கு நிலைமை நேர்மாறு. முழு வருஷமும் சம்பளம் வரும் என்று கணக்குப் போட்டு மாதாமாதம் வரி பிடித்திருப்பார்கள். பாதியில் வெளியே வந்ததும் மொத்த வருமானம் வரம்புக்குள் அடங்கிவிடும். பிடித்த பணம் தானாக வராது, ரிட்டர்ன் தாக்கல் செய்தால்தான் வரும். வழக்கமான கெடு ஜூலை 31. தவறினால் தாமதக் கட்டணத்தோடு டிசம்பர் 31 வரை. அதற்குப் பிறகு போடும் புதுப்பிக்கப்பட்ட ரிட்டர்னில் ரீஃபண்ட் கேட்க முடியாது. எங்கள் வீட்டில் நடந்தது இதுதான்.

கிராஜுவிட்டி, பென்ஷனில் ஒரு பகுதிக்கு மொத்தமாக வாங்கும் கம்யூடேஷன் பணம், பி.எஃப். இவை வரி விலக்குள்ளவை. வங்கிக் கணக்கில் ஒரே மாதத்தில் பெரிய தொகை வந்ததைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். பரம்வீர், மகாவீர், வீர் சக்கரம் பெற்றவர்களின் பென்ஷனுக்கும் வரி கிடையாது.

எழுதிக் கேட்டும் பி.ஏ.ஓ.விலிருந்து பதில் இல்லையென்றால் கையைக் கட்டிக்கொண்டு உட்கார வேண்டாம். வருமான வரித் தளத்தில் பான் எண்ணால் நுழைந்து 26ஏ.எஸ்., ஏ.ஐ.எஸ். இரண்டையும் எடுங்கள். யார் எவ்வளவு பிடித்துக் கட்டினார்கள் என்பது அதில் இருக்கும். அதையும் சம்பளச் சீட்டுகளையும் வைத்து ரிட்டர்ன் போடலாம். ஃபார்ம் 16-ஐ ரிட்டர்னோடு இணைக்கச் சொல்வதில்லை. சீட்டில் வரி பிடித்திருக்கிறது, 26ஏ.எஸ்.-இல் மட்டும் காணவில்லை என்றால், சீட்டின் நகலோடு பி.ஏ.ஓ.வுக்கே எழுதித் திருத்தச் சொல்லுங்கள். பிடித்த வரியை உங்களிடம் இரண்டாம் முறை கேட்கச் சட்டத்தில் இடமில்லை.

பணியில் இருக்கும்போதே கணவரை இழந்த பெண்களுக்கு: அவர் இருந்த நாள் வரையிலான சம்பளத்துக்கு அவர் பெயரிலேயே ரிட்டர்ன் போட வேண்டும். இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, இருவர் பான் கொண்டு வருமான வரித் தளத்தில் சட்டப்படியான வாரிசாகப் பதிந்தால் அந்த ரீஃபண்டையும் கேட்கலாம். குடும்ப பென்ஷன் உங்கள் சொந்த வருமானம். சம்பளத் தலைப்பில் வராது. புதிய முறையில் அதில் மூன்றில் ஒரு பங்கு அல்லது 25,000, எது குறைவோ அது கழியும். போர்முனைப் பணியில் உயிர் நீத்தவரின் குடும்ப பென்ஷனுக்கு வரியே இல்லை. சொல்லாமல் விட்டால் யாரும் தேடி வந்து கழிக்க மாட்டார்கள்.

கடிதம் எழுதவோ முகவரி தெரிந்துகொள்ளவோ கடலூர்க்காரர்கள் மாவட்ட முன்னாள் படைவீரர் நல அலுவலகத்தைக் கேட்கலாம். புதுச்சேரி, பாகூர் பக்கத்தவர்களுக்கு முப்படை நலத்துறை இருக்கிறது. ஸ்பர்ஷில் நுழையத் தெரியாதவர்கள் சி.எஸ்.சி. என்கிற பொதுச் சேவை மையத்துக்குப் போகலாம். போகும்போது பி.பி.ஓ., ஆதார், பான், ஓ.டி.பி. வரும் கைபேசி நான்கும் கையில் இருக்கட்டும். அந்த ஓ.டி.பி.யை மட்டும் போனில் கேட்கும் எவரிடமும் சொல்லாதீர்கள்.