குறு நிறமாலைமானியா, நுண் நிறமாலைமானியா?

நீளம் 20.1 மில்லிமீட்டர், அகலம் 12.5, உயரம் 10.1. எடை 5 கிராம். பள்ளிப் பையில் கிடக்கும் அழிரப்பர் துண்டு அளவுதான். ஜப்பானின் ஹமாமட்சு நிறுவனம் விற்கும் இந்தப் பெட்டிக்குள் ஒளியை விட்டால், 340 முதல் 850 நானோமீட்டர் வரை எந்த அலைநீளத்தில் எவ்வளவு ஒளி இருக்கிறது என்று எண்ணாகச் சொல்லிவிடும். விற்பனைப் பட்டியலில் இது ‘மினி ஸ்பெக்ட்ரோமீட்டர்’ என்ற தலைப்பின் கீழ் ‘மைக்ரோ’ வரிசையில் வருகிறது. மினியும் அதுவே, மைக்ரோவும் அதுவே. செய்தவர்களே ஒரு பெயரில் நிற்காதபோது தமிழாக்க உட்காருபவர் பாடு திண்டாட்டம்தான்.

‘மைக்ரோஸ்பெக்ட்ரோமீட்டர்’ என்பதற்கு ‘நுண் நிறமாலைமானி’ என்று எழுதிவிட்டு அடுத்த சொல்லுக்குப் போய்விடலாம். நானும் பல ஆண்டுகள் அப்படித்தான் போய்க்கொண்டிருந்தேன். இப்போது அது சரியில்லை என்று படுகிறது. ஏன் என்று சொல்ல, சொல்லைப் பின்னாலிருந்து பிரித்துக்கொண்டு வர வேண்டும்.

கல்லூரியில் இயற்பியல் படித்தவர்களுக்கு நிறமாலைமானி என்றதும் ஒரு இருட்டறை நினைவுக்கு வரும். சோடியம் ஆவி விளக்கு, கனத்த இரும்புப் பாதம், ஒரு பக்கம் இணையாக்கி, மறுபக்கம் தொலைநோக்கி, நடுவே சிறு மேடையில் கண்ணாடி முப்பட்டகம். மேடையை மெல்லத் திருப்பத் திருப்ப மஞ்சள் கோடு ஒரு பக்கமாக நகர்ந்து வரும். ஓர் இடத்தில் தயங்கி நிற்கும். இன்னும் திருப்பினால் வந்த வழியே திரும்பி ஓடும். அது தயங்கிய இடம்தான் சிறும திசைமாற்றக் கோணம். வெர்னியரை உருப்பெருக்கியால் பார்த்துக் குறித்துக்கொண்டு வெளியே வந்தால் வெயிலில் கண் கூசும். அந்தக் கருவியில் கோணத்தை நாம் அளந்தோம், நிறமாலையை நாம் பார்த்தோம். இன்றைய 5 கிராம் பெட்டியில் பார்க்க ஒன்றுமில்லை. கண் வைக்கிற இடமே கிடையாது.

‘ஸ்பெக்ட்ரம்’ லத்தீன் சொல். தோற்றம், உருத்தோற்றம் என்பது பொருள்; பார்ப்பதைக் குறிக்கும் ‘ஸ்பெகெரே’ என்ற வினையிலிருந்து பிறந்தது. ஆங்கிலத்தில் பேயைக் குறிக்கும் ‘ஸ்பெக்டர்’ இதற்கு உடன்பிறப்பு. முப்பட்டகம் வழியே சுவரில் விழுந்த வண்ணப்பட்டைக்கு நியூட்டன் இந்தச் சொல்லை எடுத்தாண்டார். 1672இல் ராயல் சொசைட்டியின் இதழில் வெளியான அவருடைய கடிதத்தில் அது இருக்கிறது. சுவரில் எதுவும் ஒட்டவில்லை, கையால் தொட முடியாது, ஆனால் கண்ணுக்குத் தெரிகிறது. ஆவித்தோற்றத்துக்கு உரிய சொல் அங்கே பொருந்திப்போனது. ‘மீட்டர்’ கிரேக்க ‘மெட்ரான்’, அளவு. ‘மைக்ரோ’வும் கிரேக்கமே, சிறியது. ஆக லத்தீன் நடுவில், கிரேக்கம் இருபுறமும். ‘பஸ் நிலையம்’ என்று நாம் சொல்வதைக் கலப்பு என்று குறைசொல்பவர்கள் இதைக் கவனிக்கலாம்.

தமிழில் இதற்கு இரண்டு மரபுகள். தமிழ்நாட்டுப் பாடநூல்கள் ‘நிறமாலை’ என்றன. நிறங்கள் ஒன்றையடுத்து ஒன்றாகத் தொடுத்தது போல் வருவதால் மாலை. லத்தீனைப் பார்க்காமல் சுவரைப் பார்த்து வைத்த பெயர். இலங்கைப் பாடநூல்களோ ‘திருசியம்’ என்கின்றன. கருவி ‘திருசியமானி’, முப்பட்டகம் அங்கே ‘அரியம்’, தொலைநோக்கி ‘தொலைகாட்டி’. திருசியம் வடமொழி ‘த்ருச்யம்’, காணப்படுவது. லத்தீன் வேருக்கு நேர் நிகரான சொல் அதுதான். அழகு எது என்று கேட்டால் நிறமாலைக்குத்தான் என் ஓட்டு. ஆனால் துல்லியம் எது என்று கேட்டால் யாழ்ப்பாணத்து மாணவர் சிரிக்க இடமிருக்கிறது.

ஏனென்றால் நிறமாலை என்ற சொல்லுக்குள் நிறம் இருக்கிறது. நகைக்கடைக்குப் பழைய வளையலை மாற்றப் போகிறீர்கள். கடைக்காரர் உரைகல்லைத் தொடாமல், வளையலை ஒரு பெட்டிக்குள் வைத்து மூடிவிட்டுத் திரையைக் காட்டுகிறார்: தங்கம் இத்தனை விழுக்காடு, செம்பு இத்தனை, வெள்ளி இத்தனை. கடையில் அதன் பெயர் ‘காரட் மீட்டர்’. அதுவும் ஒரு ஸ்பெக்ட்ரோமீட்டர்தான். எக்ஸ் கதிரை வளையல்மேல் பாய்ச்சி, பதிலுக்கு ஒவ்வொரு உலோகமும் உமிழும் எக்ஸ் கதிரின் ஆற்றலைப் பிரித்து எண்ணுகிறது. அங்கே நிறம் எங்கே வந்தது? அகச்சிவப்பிலும் நிறமில்லை. நிறைப்படி அயனிகளைப் பிரிக்கும் கருவிக்கு ‘நிறை நிறமாலைமானி’ என்று பாடநூலில் பெயர்; அதில் நிறமும் இல்லை, ஒளியும் இல்லை. நாக்கு சுளுக்காமல் அதை மூன்று முறை சொல்லிப் பாருங்கள்.

இதற்காகவே சிலர் ‘அலைமாலை’ என்று எழுதுகிறார்கள். அகச்சிவப்புக்கும் எக்ஸ் கதிருக்கும் அது பொருந்தும். ஆனால் நம் சிறு கருவிக்கு வரும்போது குழி இருக்கிறது. ‘நுண்’ணை முன்னால் சேர்த்து ‘நுண்ணலைமாலை அளவி’ என்று எழுதிப் பாருங்கள். படிப்பவர் ‘நுண்ணலை + மாலை’ என்றே பிரிப்பார். நுண்ணலை என்றால் மைக்ரோவேவ். நுண்ணலை நிறமாலையை அளக்கும் கருவிகள் உண்மையிலேயே வேறாக இருக்கின்றன. மூலக்கூறுகளின் சுழற்சியை ஆராய அவை பயன்படுகின்றன. ஐந்து கிராம் பெட்டியைப் பற்றி எழுதப்போய், சம்பந்தமே இல்லாத கருவியில் கொண்டுபோய் விட்டிருப்போம். அதனால் இந்த ஒரு சொல்லுக்காவது நிறமாலையிலேயே நின்றுகொள்வது நல்லது. நிறம் இல்லாத இடத்திலும் நிறமாலை என்று சொல்லிப் பழகிவிட்டோம். பேய் இல்லாத இடத்தில் அவர்கள் ஸ்பெக்ட்ரம் என்று சொல்லவில்லையா?

சொல்லின் கடைசிப் பகுதியான ‘மீட்டர்’ எளிது. கண்ணால் பார்க்க மட்டும் என்றால் நிறமாலைநோக்கி. படமாகப் பதிந்தால் நிறமாலை வரைவி. எண்ணாக அளந்தால் நிறமாலைமானி. வெப்பமானி, அழுத்தமானி இருக்கும் வரிசையில் இதுவும் உட்காரும். ‘மானி’ வடமொழி வழி வந்தது என்று ‘அளவி’ எழுதுபவர்களோடு எனக்குச் சண்டையில்லை.

இந்த வேறுபாட்டுக்கு நல்ல எடுத்துக்காட்டு திருச்சியில் பிறந்த சி. வி. இராமன். 1928 பிப்ரவரி 28 அன்று கல்கத்தாவில் அவரும் அவர் குழுவும் சிதறிய ஒளியில் புதிய நிறத்தைப் பிரித்துப் பார்த்தது ஒரு சட்டைப்பை நிறமாலைநோக்கியில். பார்த்தார்கள், அளக்கவில்லை. அளப்பதற்காகப் பின்னர் படம் பிடித்தது ஆடம் ஹில்கர் நிறுவனத்தின் ஒரு சிறிய குவார்ட்ஸ் நிறமாலை வரைவியில். அதன் வணிகப் பெயரில் இருந்த அடைமொழி ‘பேபி’. ஆக அந்தக் காலத்துக் கருவிக்காரர்களுக்குச் சின்னது என்றால் பேபி. பிறகு மினி வந்தது, அப்புறம் மைக்ரோ, இப்போது நானோ. அடைமொழி சுருங்கிக்கொண்டே போகிறது. அது அளவீட்டு முன்னொட்டு இல்லை, வியாபாரப் பேச்சு. மைக்ரோமீட்டரில் இருக்கும் ‘மைக்ரோ’வுக்குப் பத்து லட்சத்தில் ஒரு பங்கு என்று கறாரான பொருள் உண்டு. மைக்ரோஸ்பெக்ட்ரோமீட்டரில் இருக்கும் ‘மைக்ரோ’வுக்கு ‘ரொம்பச் சின்னது’ என்பதற்கு மேல் எதுவுமில்லை.

அப்படி மட்டும் இருந்தாலும் பரவாயில்லை. அந்தச் சொல்லுக்கு இரண்டாவது பொருள் ஒன்று இருக்கிறது, அது வயதில் மூத்தது. நுண்ணோக்கியோடு நிறமாலைமானியை இணைத்து, கண்ணுக்குத் தெரியாத சிறு புள்ளியின் நிறமாலையை அளப்பதையும் இதே பெயராலும் இதன் நெருங்கிய உறவுப் பெயர்களாலும் சொல்வார்கள். குற்றம் நடந்த இடத்தில் கிடைத்த ஒற்றை நூலிழையின் சாயம் சந்தேக நபரின் சட்டைச் சாயம்தானா என்று தடயவியலில் பார்ப்பது இப்படித்தான். 1964இல் மனித விழித்திரையின் ஒற்றைக் கூம்புச் செல் எந்தெந்த அலைநீளத்தை உறிஞ்சுகிறது என்று அளந்து, நிறம் காண மூன்று வகைக் கூம்புகள் இருப்பதை நேரடியாகக் காட்டினார்களே, அதுவும் இந்த முறையில்தான். அங்கே அளக்கப்பட்ட பொருள் தலைமயிரைவிட மெல்லியது. கருவி சிறியதே இல்லை.

ஆக, ‘மைக்ரோ’ ஒட்டியிருப்பது கருவியின் மேலா, பொருளின் மேலா? ஆங்கிலம் இதைச் சொல்லாமல் விட்டுவிடுகிறது. தமிழில் சொல்லிவிடலாம். நம்மிடம் சிறுமைக்கு ‘நுண்’ணும் இருக்கிறது, ‘குறு’வும் இருக்கிறது. கருவிப் பெயரின் முன்னால் ‘நுண்’ வந்தால் அது பெரும்பாலும் பார்க்கப்படும் பொருளைச் சுட்டும். நுண்ணோக்கி சின்ன நோக்கி இல்லை, நுண்ணியதை நோக்குவது. அது மேசையை அடைத்துக்கொண்டு நின்றாலும் நுண்ணோக்கியே. ‘குறு’ அப்படியில்லை. குறுஞ்செய்தி, குறும்படம், குறுநிலம், குறுநொய் எல்லாவற்றிலும் அந்தப் பொருளேதான் சிறியது.

எனவே என் கணக்கு இது: கருவி சிறியதானால் குறு நிறமாலைமானி. பொருள் சிறியதானால் நுண் நிறமாலைமானி. இரண்டிலும் இடம் விட்டு எழுதுவது உத்தமம். சேர்த்து எழுதினால் கண் + நீர் கண்ணீர் ஆவது போல இது ‘நுண்ணிறமாலைமானி’ ஆகிவிடும். புணர்ச்சி சரிதான், ஆனால் படிப்பவர் ‘நுண்ணிறம்’ என்றொரு நிறத்தைத் தேட ஆரம்பிப்பார்.

‘குறு’ பொருந்த இன்னொரு காரணமும் உண்டு: இங்கே உண்மையில் குறுகுவது நீளம். ஒரு பழைய குறுந்தகட்டை எடுத்துக்கொள்ளுங்கள். அதன் தடங்களுக்கு இடைவெளி 1.6 மைக்ரோமீட்டர், அதாவது மில்லிமீட்டருக்கு ஏறத்தாழ 625 கோடுகள். அது ஒரு ஓசிக் கீற்றணி, அதாவது நெருக்கமான கோடுகளால் ஒளியை நிறங்களாகப் பிரிக்கும் பரப்பு. காலணிப் பெட்டியில் பிளேடால் ஒரு கீறல் போட்டு, எதிர்ப்பக்கம் தகட்டைச் சாய்த்து வைத்துப் பார்த்தால், சுருள் குழல்விளக்கின் ஒளி தனித்தனிக் கோடுகளாக நிற்கும். பாதரசத்தின் பச்சை 546 நானோமீட்டரில், நீலம் 436இல். எல்இடி விளக்கில் கோடுகள் இருக்காது. நீலத்தில் ஒரு மேடு, சற்றுப் பள்ளம், பிறகு மஞ்சளை மையமாக வைத்து ஒரு பரந்த மேடு. குண்டு பல்பில் இடைவெளியே இல்லாத மாலை.

இதே கீற்றணியில், ஒரு நானோமீட்டர் வேறுபடும் இரண்டு நிறங்கள் ஒரு மீட்டர் தள்ளி ஏறத்தாழ 0.6 மில்லிமீட்டர் விலகி விழும். கண்ணால் பிரித்துவிடலாம். பெட்டியை ஒரு சென்டிமீட்டராகக் குறுக்கினால் அந்த விலகல் 6 மைக்ரோமீட்டர். தலைமயிரின் தடிமனில் பத்தில் ஒரு பங்குகூட இல்லை. உள்ளே விடும் கீறல் 50 மைக்ரோமீட்டர் அகலம் என்றால் எட்டு நானோமீட்டர்வரை எல்லாம் ஒன்றோடொன்று குழம்பிவிடும். மேலே சொன்ன ஹமாமட்சு பெட்டியின் பிரிதிறன் (அருகருகே உள்ள அலைநீளங்களைத் தனித்தனியாகக் காட்டும் திறன்) அதிகபட்சம் 15 நானோமீட்டர் என்று குறிப்பிட்டிருப்பது அதனால்தான். கல்லூரியில் நாம் பார்த்த சோடியம் மஞ்சள் உண்மையில் 0.6 நானோமீட்டர் இடைவெளியில் நிற்கும் இரட்டைக் கோடு. இந்தப் பெட்டிக்கு அது ஒரே மேடு. குறுகியதற்குக் கொடுத்த விலை அது. பால், பழம், துணிச்சாயம் என்று அகன்ற மேடுகளைப் பார்க்கிற வேலைக்கு அந்த விலை கட்டுபடியாகும்.

இதைச் சுற்றிப்போக ஒரு வழி, ஒளியைப் பிரிக்காமலேயே விட்டுவிடுவது. 2015இல் ஜீ பாவோவும் மௌங்கி பவேண்டியும் ‘நேச்சர்’ இதழில் காட்டியது அது: 195 வகைக் குவாண்டம் புள்ளிகளை, அதாவது நானோமீட்டர் அளவுத் துகள்களை, வடிகட்டிகளாக வைத்தார்கள். ஒவ்வொன்றும் ஒளியை வெவ்வேறு விதமாக விழுங்கும். மிச்சத்தை எல்லாம் அளந்து, கணக்குப் போட்டு, உள்ளே வந்த நிறமாலை என்னவாக இருந்திருக்க வேண்டும் என்று மீட்டெடுத்தார்கள். (பவேண்டி குவாண்டம் புள்ளிகளுக்காக 2023இல் வேதியியல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார்.) 2019இல் கேம்பிரிட்ஜ் குழு ஒன்று அதே யோசனையை ஒற்றை நானோ கம்பிக்குள் அடக்கியது, கம்பியின் ஒரு முனையிலிருந்து மறுமுனைவரை அதன் பொருட்கலவை மாறிக்கொண்டே போகும்படி வளர்த்திருந்தார்கள். இவற்றுக்குள் எந்தச் சுவரிலும் மாலை விழுவதில்லை. அது கணக்கில் மட்டும்தான் தோன்றுகிறது. உருத்தோற்றம் என்ற பழைய லத்தீன் பொருள் இங்கே மறுபடி உயிர்பெறுகிறது. திருசியம் என்ற சொல்லுக்கோ இது சங்கடம், காணவே முடியாத காட்சி. இந்த வகைக்குச் ‘சில்லு நிறமாலைமானி’ என்று தனியே சொல்வதில் தவறில்லை, ஆனால் குறு நிறமாலைமானி என்ற பொதுப்பெயருக்குள் அதுவும் அடங்கும்.

சாயப்பட்டறை ஆய்வகத்தில் எப்படியும் ‘ஸ்பெக்ட்ரோ’ என்றுதான் கூப்பிடுவார்கள். பேச்சில் அது போதும். எழுத்தில் இப்படி வரட்டும்: “கைபேசியோடு இணைத்த குறு நிறமாலைமானியால் மாம்பழத்தின் இனிப்பை அறுக்காமலே மதிப்பிட்டார்கள்.” “சட்டையில் ஒட்டியிருந்த ஒற்றை இழையைத் தடயவியல் ஆய்வகத்தின் நுண் நிறமாலைமானியில் வைத்துப் பார்த்தார்கள்.”