வெதுப்பிய பாற்சோறு: பாயசம் என்று எழுதாதீர்கள்

ஒரு சமையல் நிகழ்ச்சி. இங்கிலாந்தில் ஓர் அம்மா ஓவனைத் திறந்து, ஆழமான பீங்கான் பாத்திரத்தை எடுத்து மேசையில் வைக்கிறார். மேலே பொன்னிறமாய் உப்பி நிற்கிறது பாலேடு. அவர் கரண்டியை அழுத்த, ஏடு கிழிந்து வெள்ளைச் சோறு எட்டிப் பார்க்கிறது. ஆங்கிலத்தில் இதன் பெயர் 'பேக்ட் ரைஸ் புட்டிங்'. திரையின் அடியில் தமிழில் ஓடிய பெயர்: 'வேகவைத்த அரிசிப் பாயசம்'. இதைப் பார்ப்பது எத்தனையாவது முறை! மூன்று சொல்லில் அரிசி ஒன்றுதான் சரி.

'புட்டிங்' இனிப்பாகப் பிறந்த சொல் அன்று. இலத்தீனில் 'பொட்டெல்லுஸ்' என்றால் இறைச்சி அடைத்த சிறு குடல். அது பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்தது என்பது பலரும் சொல்லும் வரலாறு. பிறகு துணியில் கட்டி அவித்த மாவுப் பண்டத்துக்கும், பாலில் வெந்த அரிசிக்கும் அதே பெயர் ஆனது. இன்றும் 'யார்க்‌ஷயர் புட்டிங்' இனிப்பு இல்லை. 'பிளாக் புட்டிங்' இரத்தம் கலந்து அடைத்த குடல். ஒரு மொழிபெயர்ப்பு நாவலில் காலை உணவுத் தட்டில் அதைக் 'கறுப்புப் பாயசம்' என்று படித்ததும் புத்தகத்தை மூடிவிட்டேன். அகராதியில் ஒரு பொருளைப் பார்த்ததோடு நிறுத்திக்கொண்டால் இப்படித்தான் ஆகும்.

பாயசத்துக்கு வருகிறேன். வடமொழியில் 'பயஸ்' பால். பாயசம் பாலால் ஆனது. ஆகவே பொருந்துகிறதே என்பார்கள். வேர் பொருந்தினால் போதுமா? நம் பந்தியில் பாயசம் வாளியில் வருகிறது, கரண்டியால் ஊற்றுகிறார்கள், இலையில் ஓடுகிறது. ஓடிவிடாமல் அப்பளத்தை நொறுக்கி அணை கட்டுகிறோம். டம்ளரில் வாங்கிக் குடிக்கிறோம். பருப்பும் வெல்லமும் தேங்காய்ப்பாலும் சேர்த்தாலும் பாயசம்தான். பசும்பால் இல்லாத பாயசம் உண்டு, ஊற்ற முடியாத பாயசம் கிடையாது.

இங்கிலாந்தின் லீட்ஸ் நகரில் நான் குடியிருந்த வீட்டுப் பாட்டி ஞாயிறுதோறும் இந்தப் பண்டத்தைச் செய்வார். 100 கிராம் அரிசி, 1 லிட்டர் ஆடை நீக்காத பால், 50 கிராம் சர்க்கரை, கொஞ்சம் வெண்ணெய், மேலே துருவிய ஜாதிக்காய். 150 டிகிரி செல்சியஸில் 2 மணி நேரம். முதல் ஒரு மணி நேரத்துக்குள் இரண்டு முறை கிளறுவார். அதற்குப் பிறகு யாரையும் தொடவிடமாட்டார். அரிசியின் மாவுச்சத்து இறங்கிப் பால் கெட்டியாகும். மேற்பரப்பு வற்றி, பாலின் புரதமும் சர்க்கரையும் சூட்டில் பழுப்பேறி ஏடாகும். ஓரத்து ஏடு யாருக்கு என்று பேரப்பிள்ளைகள் சண்டையே போடுவார்கள். பிரான்சின் நார்மண்டியில் இதற்கு உறவான 'தெர்கூல்' உண்டு: மண்பாத்திரத்தில், பட்டைத்தூள் சேர்த்து, 5 அல்லது 6 மணி நேரம். அங்கேயும் மேலேடுதான் உயிர். நம் அம்மாக்களோ பாயசத்தில் ஏடு படிந்தால் உடனே கலக்கிவிடுவார்கள்.

தனித்தமிழ் அன்பர்கள் சிலர் 'அரிசி இன்களி' என்கிறார்கள். அவர்கள் அக்கறை எனக்கும் உண்டு. ஆனால் களி கிண்டுவது. கிண்டினால் ஏடு ஏது?

'வேகவைத்த' என்றால் நீரிலோ ஆவியிலோ வெந்தது. 'சுட்ட' என்றால் தீயிலோ கல்லிலோ. நாலாபுறமும் சூழ்ந்த சூட்டில் மெல்ல வேகும் பண்டத்துக்கு இரண்டும் ஆகாது. இலங்கைத் தமிழர் பேக்கரியை 'வெதுப்பகம்' என்கிறார்கள். வெதுப்புதல் மெல்லச் சூடேற்றுதல். இங்கே நாம் 'அடுமனை' என்று பலகை வைக்கிறோம். அடுதல் என்றால் சமைத்தல். அடுமனை வெறும் சமையலறைதான். அவர்கள் சொல்லே துல்லியம்.

பண்டத்தின் பெயரையும் வெளியே தேடவேண்டாம். திருப்பாவையின் 27ஆம் பாட்டிலேயே 'பாற்சோறு மூட நெய்பெய்து' என்கிறாள் ஆண்டாள். அரிசி மணி தெரிய, பாலில் குழைந்து நிற்பது பாற்சோறு. அதை ஓவனில் வைத்தால் 'வெதுப்பிய பாற்சோறு'. கேட்டவுடன் புரியும், செய்முறையும் தெரியும்.

சமையல் குறிப்புகளின் பொருள் பட்டியலிலும் மொழிபெயர்ப்பாளர்கள் கைவைத்திருக்கிறார்கள். 'புட்டிங் ரைஸ்' என்பதைப் 'பாயச அரிசி' என்று எழுதுகிறார்கள். எந்த மளிகைக்கடையில் அது கிடைக்கும்? ஒட்டும் தன்மையுள்ள குறுமணி அரிசி அது. என் தங்கை அந்தக் குறிப்பை நம்பி, விசேஷ அரிசி போலிருக்கிறது என்று பாசுமதியைப் போட்டாள். பால் ஒருபக்கம், அரிசி ஒருபக்கம். மறுவாரம் குறுமணிப் பச்சரிசியில் செய்துவிட்டுப் போன் செய்தாள்: "அக்கா, ஏடு பிடிச்சிருச்சு!"